அறுபத்து மூன்று மணி பன்னிரண்டு நிமிடம்

சிடியில் மொத்தம் பதினோரு கீறல்கள். கண்ணாடிக்காரர் ஒன்றுவிடாமல் எண்ணிப் பார்த்துவிட்டு, அதை லென்ஸ் பாலிஷ் போடும் மெஷினுக்குக் கொண்டுபோனார். மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸை வெட்டித் தேய்த்து ஃபிரேமில் உட்கார வைக்கும் வேலையை இருபத்து நாலு வருஷமாகச் செய்கிறவர். கீறலைக் கண்டால் அவர் கை சும்மா இருக்காது. வெள்ளைப் பசையைத் தடவி, ஈரத்துணி சுற்றிய சக்கரத்தில் பட்டும் படாமலும் காட்டி எடுத்தார். பத்து நிமிடத்தில் சிடி முகம் பார்த்துத் தலை வாரும் அளவுக்குப் பளபளத்தது.

"யாரோட லென்ஸ் அது, இவ்ளோ பெருசா?" என்று எட்டிப் பார்த்தார், அதே கடையில் கண் பரிசோதனை செய்யும் டாக்டரம்மா.

"லென்ஸ் இல்ல. என் வீட்டம்மாவோட கேம்."

வீட்டம்மா ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பவர். ஊரில் பாதிப் பேருடைய எலும்பைப் பார்த்தவர், மூன்று வாரம் முன்பு அதே ஆஸ்பத்திரிப் படியில் வழுக்கித் தன் கணுக்காலை உடைத்துக்கொண்டார். தன் எக்ஸ்ரேயைத் தானே வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, டாக்டர் வாயைத் திறப்பதற்கு முன்பே, "ஆறு வாரம் மாவுக்கட்டு" என்று சொல்லிவிட்டார். அவ்வளவு கெட்டிக்காரி.

முதல் வாரம் தூங்கினார். இரண்டாம் வாரம் புத்தகம் படித்தார். மூன்றாம் வாரம் புருஷனைப் படிக்க ஆரம்பித்தார். செருப்பைத் தேய்த்து நடக்கிறீர்கள், டம்ளரைச் சத்தமாக வைக்கிறீர்கள், மூச்சுகூடக் கொஞ்சம் பலமாகத்தான் விடுகிறீர்கள். இப்படியே போனால் மாவுக்கட்டுப் பிரிப்பதற்குள் தன் உயிர் பிரிந்துவிடும் என்று கண்ணாடிக்காரர் கலங்கிக்கொண்டிருந்தபோதுதான், மனைவி அந்தப் பழைய கேமின் பேச்சை எடுத்தார்.

கல்யாணத்துக்கு முன்னால், டிவியில் விளையாட்டுப் பெட்டியை மாட்டி விளையாடிய கேம். ஒரு சின்னப் பெண், கூடவே ஒரு கொழுத்த வாத்து. இரண்டும் தீவு தீவாகப் போய் நாற்பத்தெட்டுக் கோபுரங்களில் விளக்கேற்ற வேண்டும். கடைசியில் ஒரு கதவு வரும்; ஒன்றிரண்டு விளக்கு விட்டுப்போனாலும் அது திறக்கும். மனைவி அந்தக் கதவு வரைக்கும் போயாகிவிட்டது. நாளைக்குத் திறக்கலாம் என்று சேவ் செய்து வைத்தார். மறுநாள் வேலைக்கான பயிற்சிக் கடிதம் வந்தது. துணிமணியை மட்டும் கட்டிக்கொண்டு கிளம்பியவர்தான். பயிற்சி, வேலை, கல்யாணம், குடித்தனம் என்று இருபத்திரண்டு வருஷம் ஓடிவிட்டது. விளையாட்டுப் பெட்டி எப்போதோ கரண்ட் ஏறிப் புகைந்துபோனது. சிடியையும், சேவ் இருக்கும் மெமரி கார்டையும் மட்டும் பிற்பாடு எடுத்துவந்து தன் சான்றிதழ்களோடு ஒரே உறையில் வைத்திருந்தார்.

"அந்தக் கதவுக்குப் பின்னாடி என்ன இருக்குன்னு தெரியாமலே கிழவி ஆகிடுவேன் போல," என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். ஆனால் கண்ணாடிக்காரருக்கு மனசு என்னவோ போல் ஆகிவிட்டது. கல்யாணமான பதினெட்டு வருஷத்தில் இவள் தனக்கென்று வாய் திறந்து கேட்ட பொருள் விரல் விட்டு எண்ணுகிற அளவுதான்.

"ஒரே வாரம். ஓட வைக்கிறேன் பார்," என்று வாக்குக் கொடுத்துவிட்டார்.

கார்டைக் கையில் தரும்போது மனைவி ஒரு பத்து விநாடி விரலை விடவே இல்லை. "என் தம்பி எட்டு வருஷம் என்கூட ஒரே ரூம்ல இருந்தான். ஒரு தடவைகூட இதைத் தொட்டதில்ல. பார்த்துக்கோங்க."

எமுலேட்டர் என்று ஒன்று இருக்கிறது. வீட்டுக் கம்ப்யூட்டரை அந்தக் காலத்து விளையாட்டுப் பெட்டி மாதிரியே நடிக்க வைக்கும் மென்பொருள். அதைத் தெரிந்துகொள்ள ஒரு நாள், நடிக்க வைக்க நாலு நாள். முதலில் படம் வந்தது, சத்தம் வரவில்லை. பிறகு சத்தம் வந்தது, படம் போய்விட்டது. இரண்டும் வந்தபோது எல்லாம் மும்மடங்கு வேகத்தில் ஓடி, வாத்து கண்ணுக்கே படாமல் கடலில் விழுந்து செத்தது. ஐந்தாம் நாள் எல்லாம் சரியாக வந்தது. கார்டைப் படிக்கும் சின்னக் கருவி ஒன்றை வாங்கிச் செருகி, அதில் இருந்ததைக் கம்ப்யூட்டரில் நகல் எடுத்ததும், திரையில் மனைவியின் சேவ் உயிரோடு எழுந்து நின்றது.

வீரப்பெண்ணின் பெயர், சிட்டு. ஏற்றிய விளக்குகள், நாற்பத்தேழு. விளையாடிய நேரம், அறுபத்து மூன்று மணி பன்னிரண்டு நிமிடம். பக்கத்தில் தொப்பி போட்ட வாத்தின் குட்டிப் படம்.

கண்ணாடிக்காரருக்குத் தலைகால் புரியவில்லை. திரையை ஃபோனில் படம் பிடித்து மைத்துனனுக்கு அனுப்பினார். லிஃப்ட் மெக்கானிக்கான மைத்துனன் முதலில் ஒரு கட்டைவிரல் அனுப்பினான். ஐந்து நிமிடம் கழித்து, 'எதையும் தொடாதீங்க மாமா' என்று ஒரு வரி அனுப்பினான்.

அதோடு எழுந்திருந்தால் இந்தக் கதையே இல்லை. ஆனால் தொழில்காரருக்கு ஒரு வியாதி உண்டு. கண்ணாடி தயாரானால் தன் மூக்கில் ஒரு முறை மாட்டிப் பார்க்காமல் கொடுக்க மாட்டார். மனைவி உள் அறையில் மதியத் தூக்கத்தில் இருந்தார். இங்கே சேவ் செய்வது வேலை செய்கிறதா என்று பார்த்துவிடுவோமே என்று கண்ணாடிக்காரர் புது ஆட்டம் ஒன்றை ஆரம்பித்தார். ஒரு விளக்கை ஏற்றினார். கேமில் சேவ் செய்யும் இடமான சத்திரத்தில் போய்ப் படுத்தார். 'ஏற்கெனவே உள்ளதன் மேல் எழுதவா?' என்று கேம் கேட்டது.

ஐயையோ, வேண்டவே வேண்டாம். அதுவரை கீபோர்டில் தட்டிக்கொண்டிருந்தவர் அன்றைக்குத்தான் புது கண்ட்ரோலரைச் செருகியிருந்தார். அதில் வட்டம், சதுரம், முக்கோணம், பெருக்கல் குறி என்று நாலு பொத்தான்கள். கடையில் பழுதான லென்ஸ் மேல் மார்க்கர் பேனாவால் பெருக்கல் குறி போட்டு ஒதுக்குவார்கள். இருபத்து நாலு வருஷமாகப் பெருக்கல் குறி என்றால் வேண்டாம், தூக்கிப் போடு என்றுதான் அவருக்கு அர்த்தம். ஆகவே பெருக்கல் குறியை அழுத்தினார். கேமில் அதற்கு அர்த்தம், 'சரி'.

சிட்டு போய்விட்டாள். நாற்பத்தேழு விளக்கும் போய்விட்டது. திரையில் ஒரு விளக்கு, ஒன்பது நிமிடம்.

ஆனாலும் மூளை வேலை செய்தது. போனது கம்ப்யூட்டரில் இருந்த நகல்தானே, அசல் கார்டில் பத்திரமாக இருக்கிறது, மறுபடி நகல் எடுத்தால் தீர்ந்தது. நகல் எடுக்கும் இடத்தில் இரண்டு படங்கள், இடதுபக்கம் கார்டு, வலதுபக்கம் கம்ப்யூட்டர். நடுவே எந்தத் திசை என்று தேர்ந்தெடுக்க இரண்டு அம்புகள். பதற்றத்தில் அவருக்குத் தொழில் பழக்கம் முந்திக்கொண்டது. எதிரே உட்கார்ந்திருப்பவரின் வலது கண் நமக்கு இடதுபக்கம் என்று காலமெல்லாம் மாற்றி மாற்றியே பார்த்த கை, இங்கேயும் மாற்றியே அழுத்தியது. ஒன்பது நிமிட ஆட்டம் கார்டுக்குள் போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டது. இப்போது அசலும் இல்லை.

"என்னங்க, சத்தமே காணோம்?" என்று உள்ளிருந்து குரல் வந்தது.

"ஒரு சின்ன பார்ட் போயிடுச்சு. சர்வீஸுக்குக் கொண்டுபோகணும்," என்றார். பதினெட்டு வருஷத்தில் அவர் சொன்ன முதல் முழுப் பொய் அது. கம்ப்யூட்டரைத் துணியில் சுற்றிக் குழந்தை மாதிரி தூக்கிக்கொண்டு கடைக்குப் போனார். லென்ஸ் வெட்டும் அறையில் வைத்துக் கதவைச் சாத்திக்கொண்டு மைத்துனனைக் கூப்பிட்டார். அவன் எங்கேயோ ஒன்பதாவது மாடியில், லிஃப்ட் கூண்டின் தலைமேல் நின்றுகொண்டிருந்தான்.

நடந்ததைச் சொன்னார். அந்தப் பக்கம் இரும்புக் கயிறு கிரீச்சிட்டது.

"முழுசா போச்சா மாமா?"

"முழுசா."

"அக்காவுக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சா நான் உன்கூடப் பேசிட்டு இருப்பேனா?"

பிறகு மைத்துனன், ஏதோ கடையில் மறந்த பையை எடுத்துவரச் சொல்வதுபோல நிதானமாகச் சொன்னான்: "போட்டோ இருக்குல்ல? அதைப் பார்த்து முதல்ல இருந்து விளையாடுங்க. வேற வழி இல்ல."

மாவுக்கட்டுப் பிரிக்க இருந்தது இரண்டு வாரம் மூன்று நாள். கண்ணாடிக்காரர் தன் ஆயுளில் விளையாடிய ஒரே கேம் ஃபோனில் சீட்டு அடுக்குவது.

ஏழு மணிக்கே கடையைத் திறக்க ஆரம்பித்தார். முதலாளி இவருக்கு என்ன திடீர் சுறுசுறுப்பு என்று நெகிழ்ந்துபோனார். மதியச் சாப்பாட்டு நேரம் வாத்துக்கு, டீ நேரம் வாத்துக்கு. இரண்டாம் தீவில் ஒரு ராட்சத நண்டு வழி மறித்தது. அதனிடம் இரண்டு நாள் அடி வாங்கினார். அந்த இரண்டு நாளில் வெட்டிய லென்ஸ்களில் மூன்று இடம் வலம் மாறிப்போயின. ஒரு வாத்தியார் புதுக் கண்ணாடியோடு திரும்பி வந்து, தெருவெல்லாம் மேடாகத் தெரிகிறது, காலைத் தூக்கித் தூக்கி வைத்து வந்தேன் என்றார்.

மாறிய லென்ஸோடு அறைக்குள் நுழைந்த டாக்டரம்மா திரையைப் பார்த்தார், நண்டைப் பார்த்தார், கண்ணாடிக்காரரின் பேய்முழியைப் பார்த்தார். கண்ணாடிக்காரர் ஒன்றுவிடாமல் கக்கிவிட்டார். டாக்டரம்மா கண்ட்ரோலரை வாங்கி, நாலே நிமிடத்தில் நண்டைக் கவிழ்த்துப் போட்டார்.

"காலேஜ்ல இதான் படிச்சேன்," என்றார்.

அன்றிலிருந்து கடையில் ஒரு மாற்றம். கண்ணைச் சோதிக்க வருகிற எல்லாருக்கும் சொட்டு மருந்து விடப்பட்டது. மருந்து வேலை செய்ய இருபது நிமிடம் கண்ணை மூடி உட்கார வேண்டும். வெளியே வரிசையாக நாலு பேர் கண்ணை மூடி உட்கார்ந்திருக்க, உள்ளே டாக்டரம்மா கடல் பாம்போடு மல்லுக்கட்டினார். மற்ற நேரத்தில் கண்ணாடிக்காரர் விளக்கேற்றினார். ஆனாலும் நாள் ஓடுகிற வேகத்துக்கு விளக்கு எரிகிற வேகம் பத்தவில்லை. குறுக்கு வழி ஒன்றை இணையத்தில் தேடிப் பிடித்துப் போட்டார். ஒரே தட்டில் நாற்பத்தெட்டு விளக்கும் பற்றிக்கொண்டன.

மனைவியினுடையதில் நாற்பத்தேழு. ஏற்றிய விளக்கை அணைக்கிற வசதியைக் கேம் செய்தவன் யோசிக்கவே இல்லை. இருபத்தொரு மணி நேர உழைப்பு தண்ணீரில் போய், பாதியில் பத்திரப்படுத்தியிருந்த இடத்திலிருந்து மறுபடி ஆரம்பிக்க வேண்டியதாயிற்று. அதைவிடப் பெரிய சிக்கலாக வேறு ஒரு கேள்வி வந்தது. அவள் ஏற்றாமல் விட்ட அந்த ஒரு விளக்கு எது?

மைத்துனனைக் கேட்டார். அவன் யோசிக்கக்கூட இல்லை. "மூணாவது தீவு, வடக்குக் கோபுரம். கிணத்துக்குப் பின்னாடி ஒரு வழி இருக்கும், அது கண்ணுலயே படாது. அங்க போகாதீங்க." இருபத்திரண்டு வருஷம் முன்னால் அக்கா விளையாடியதை இவ்வளவு துல்லியமாக ஞாபகம் வைத்திருக்கிறானே, இப்படி ஒரு பாசமா என்று கண்ணாடிக்காரர் உருகிப்போனார்.

வீட்டில் நிலைமை சரியில்லை. கட்டைவிரலில் பிளாஸ்திரி, கண் இரண்டும் சிவப்பு. போதாக்குறைக்கு ஞாயிற்றுக்கிழமை மதியத் தூக்கத்தில் அவர் வாய்விட்டு உளறியிருக்கிறார். எழுந்து டீ போட்டுக் குடிக்க உட்கார்ந்தவரிடம் மனைவி மெதுவாகக் கேட்டார்:

"டாக்டரம்மா வீட்ல வாத்து வளர்க்குறாங்களா?"

டீ மூக்கில் ஏறியது. "ஏன்?"

"'வாத்தை விட்டுடாதீங்க டாக்டரம்மா'ன்னு ரெண்டு தடவை கெஞ்சினீங்க. எக்ஸ்ரே எடுக்கிறவகிட்ட எதையும் மறைக்காதீங்க. அவ்ளோதான் சொல்வேன்."

ஏதோ ஒரு நோயாளியின் வாத்து என்று வாய்க்கு வந்ததைச் சொல்லிப் பூசி மெழுகினார். வாத்துப் பேச்சு வந்ததே வந்தது என்று, போகிற போக்கில் கேட்பதுபோல, உன் கேம் வாத்துக்கு என்ன கலர் தொப்பி என்றார். நீலம் என்று பதில் வந்தது. நிச்சயமாகவா என்றதற்கு, நானே தேடித் தேடிப் போட்ட தொப்பி, எனக்கு மறக்குமா என்றார்.

மறுநாள் ஃபோன் படத்தை லென்ஸ் பார்க்கும் பூதக்கண்ணாடியில் வைத்துப் பார்த்தார். சிவப்பு. டாக்டரம்மாவும் பார்த்தார். நிறக்குருடு சோதனைப் புத்தகத்தைப் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டும் பார்த்தார். சிவப்பேதான். மைத்துனனைக் கேட்டபோது அவன் முதல் தடவையாகக் கொஞ்சம் தடுமாறினான். போட்டோவில் எப்படி இருக்கிறதோ அப்படியே போட்டுவிடுங்கள் என்று சொல்லி, வேலை இருக்கிறதென்று வைத்துவிட்டான்.

மாவுக்கட்டுப் பிரிக்க மூன்று நாள் இருக்கையில் கதவுக்கு முன்னால் போய் நின்றார்கள். நாற்பத்தேழு விளக்கு, சிவப்புத் தொப்பி. நேரம் ஐம்பத்து நாலு மணிதான் ஆகியிருந்தது. மீதி ஒன்பது மணி நேரத்தை என்ன செய்வது? ஒன்றும் செய்யவில்லை. ஆட்டத்தை அப்படியே ஓடவிட்டு லென்ஸ் வெட்டினார். சிட்டு கதவருகே நின்றபடி நின்றாள், வாத்து தரையைக் கொத்திக்கொண்டிருந்தது.

"ஒரே ஒரு தடவை திறந்து பார்த்துட்டு மூடிடலாமே," என்றார் டாக்டரம்மா. பத்து நாளாகப் பாம்போடும் நண்டோடும் போராடியவர். கேட்கும் உரிமை இருந்தது.

கண்ணாடிக்காரருக்கும் கை துறுதுறுத்தது. அத்தனை நாள் பட்ட பாடு அவருக்கும்தானே? ஆனாலும் தலையை ஆட்டிவிட்டார். "அது அவ திறக்க வேண்டிய கதவு டாக்டரம்மா." அறுபத்து மூன்று மணி பன்னிரண்டாம் நிமிடத்தில், கடிகாரத்தை வைத்துக்கொண்டு, இந்த முறை வேண்டுமென்றே பெருக்கல் குறியை அழுத்தினார்.

கம்ப்யூட்டர் 'சர்வீஸ்' முடிந்து வீடு திரும்பியது. ஞாயிற்றுக்கிழமை காலை மைத்துனன் பிஸ்கட் பொட்டலத்தோடு வந்து சேர்ந்தான். மாவுக்கட்டுப் பிரித்த காலைத் தலையணையில் நீட்டி, மனைவி கண்ட்ரோலரைக் கையில் எடுத்தார். நாற்பத்தாறு வயதுப் பெண்ணின் கை, எடுத்த மாத்திரத்தில் இருபத்து நாலு வயதுக்குப் போய்விட்டது. பெயரைப் பார்த்தார், நேரத்தைப் பார்த்தார். வாத்தைப் பார்த்ததும் கொஞ்ச நேரம் நிறுத்தினார்.

"சிவப்பா?"

இரண்டு ஆண்களும் ஒரே சமயத்தில் பிஸ்கட் பொட்டலத்துக்குக் கை நீட்டினார்கள்.

"நீலம்னுல்ல நினைச்சுட்டு இருந்தேன். வயசாகுது, வேறென்ன," என்று அவரே சொல்லிக்கொண்டு கதவைத் திறந்தார்.

உள்ளே அரண்மனையும் இல்லை, அரக்கனும் இல்லை. ஒரு சின்ன வீடு, ஒரு கட்டில். ஏற்றிய விளக்கெல்லாம் ஜன்னல் வழியே தூரத்தில் மினுக்கின. சிட்டு கட்டிலில் உட்கார்ந்து செருப்பைக் கழற்றினாள். வாத்து அவள் மடியில் ஏறிப் படுத்தது. அவ்வளவுதான்.

"இதுக்கா இருபத்திரண்டு வருஷம்," என்று மனைவி சிரித்தார். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தார், துடைக்கத் துடைக்க வந்தது. கண்ணாடிக்காரரின் பிளாஸ்திரி போட்ட விரலை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டார். "என் பொருளை இவ்ளோ பத்திரமா பார்த்துக்கிட்டது, என் தம்பிக்கு அப்புறம் நீங்கதான்."

மைத்துனனுக்குப் புரையேறியது. தண்ணீர் குடிக்கிறேன் என்று சமையலறைக்குப் போனான். கண்ணாடிக்காரரும் டீ போடுகிறேன் என்று பின்னாலேயே போனார். பாலை அடுப்பில் வைத்தார். அவள் சொன்ன அந்த ஒரு வார்த்தை நெஞ்சில் தைத்துவிட்டது. தன் மேல் இத்தனை நம்பிக்கை வைத்திருக்கிறவளிடம் போலியைக் கொடுத்து அழ வைத்துவிட்டோமே, இந்தப் பாவத்தைச் சுமந்துகொண்டு மிச்சக் காலத்தை எப்படி ஓட்டுவது?

"முடியலடா மச்சான். திட்டினாலும் சரி, ஒரு மாசம் பேசாட்டியும் சரி. இப்பவே போய் நான்தான் அழிச்சேன்னு சொல்லிடுறேன்," என்று திரும்பினார்.

மைத்துனன் இரண்டு கையையும் விரித்து வாசலை மறித்துக்கொண்டான். முப்பத்தெட்டு வயது ஆள், முகம் வெளிறிப்போயிருந்தது. கூடத்தை ஒரு முறை எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான்.

"சொல்லிடாதீங்க மாமா, உங்க காலைப் பிடிச்சுக் கேட்டுக்கிறேன். அக்காவோடதை நான் அழிச்சு இருபத்திரண்டு வருஷம் ஆகுது, நீங்க அழிச்சது நான் ஒரு லீவு முழுக்க உட்கார்ந்து திருப்பி விளையாடி வெச்சது."